சிவமணி மாதிரி வாசிக்கலாம் தம்பி... மார்கழியில சம்பளம் யாரு தருவா?



வேடசந்தூர் பக்கம் பங்குனி, சித்திரை வந்துட்டா ட்ரம்ஸ் வாசிக்கிற பசங்களைக் கையில பிடிக்க முடியாது. திருவிழா, கல்யாண ஊர்வலம், காதுகுத்துன்னு அடுத்தடுத்து புக்கிங். "நானும் சிவமணி மாதிரி வருவேண்ணே"ன்னு சொல்ற தம்பிகள் நிறைய. அந்தக் கனவை நான் குறை சொல்ல மாட்டேன். ஆனா அவர்கிட்ட இருந்து பலரும் பாதிப் பாடத்தைத்தான் எடுத்துக்கிறாங்க.

சிவமணி 1959-ல் பிறந்தவர். அப்பா எஸ்.எம்.ஆனந்தனும் சென்னையில ட்ரம்ஸ் கலைஞர். ஏழு வயசுல குச்சியைப் பிடிச்ச சிவமணி, எஸ்.பி.பி. கச்சேரி, சினிமா ரெக்கார்டிங், ஏ.ஆர்.ரஹ்மான் மேடை, ஜாகிர் உசேனோட கச்சேரி, சி.எஸ்.கே. மேட்ச் கேலரின்னு எல்லா இடத்துலயும் வாசிச்சார். 2019-ல் பத்மஸ்ரீ. எல்லாரும் பார்க்கிறது அந்தக் கை வேகத்தை. நான் பார்க்கிறது, அவர் ஒரே வாசலை நம்பி நிக்கலைங்கிறதை.

இங்கிலாந்துல பில் ப்ரூஃபோர்ட்னு ஒருத்தர். யெஸ், கிங் கிரிம்சன்னு பெரிய ராக் குழுக்கள்ல ட்ரம்ஸ் வாசிச்சவர். தன்னோட இசையை வெளியிட சொந்தமா லேபிள் ஆரம்பிச்சார். அறுபதை நெருங்கும்போது, 2009-ல் மேடைக் கச்சேரியை நிறுத்திட்டு, 2016-ல் முனைவர் பட்டமும் வாங்கினார். குச்சியைக் கீழே வைக்கிற நாளை அவரே முடிவு பண்ணினார். உங்களுக்கு அந்த நாளை மணிக்கட்டு வலியோ வட்டிக்காரரோ முடிவு பண்ணக்கூடாது.

ஒரு கணக்கு பாருங்க. உதாரணத்துக்கு, சீசன் ஆறு மாசத்துல செலவு போக 1,80,000 ரூபாய் கையில நிக்குதுன்னு வைங்க. மாசம் 30,000 சம்பாதிக்கிறதா மனசு நினைக்கும். 12-ஆல வகுத்தா உங்க உண்மையான சம்பளம் 15,000தான்! ஸ்பின்னிங் மில்லுக்குப் போற உங்க நண்பருக்கு மார்கழியிலயும் சம்பளம் வரும். உங்களுக்கு வராது.

அதனால மூணு விஷயம் செய்யுங்க:

1. சீசன் பணம் முழுக்க தனி பேங்க் அக்கவுண்ட்ல போகட்டும். அதுல இருந்து மாசம் 12,000 மட்டும் உங்களுக்கு நீங்களே சம்பளமா எடுங்க. மாசம் 3,000 வீதம் வருஷத்துக்கு 36,000 மிஞ்சும்.

2. புது செட்டை இ.எம்.ஐ.ல வாங்காதீங்க. புக்கிங் இல்லாத மாசமும் தவணை வந்து நிக்கும். காசு சேர்த்து வாங்குங்க.

3. வருமான வரி கட்டாதவரா, 18-ல் இருந்து 40 வயசுக்குள்ள இருந்தா, அடல் பென்ஷன் திட்டத்துல சேரலாம். கட்டுற தொகையைப் பொறுத்து 60 வயசுல இருந்து மாசம் 1,000 முதல் 5,000 ரூபாய் வரை பென்ஷன். இந்தத் தொகை மட்டும் போதாது, ஆனா ஒரு ஆரம்பம்.

சேமிச்சா கலை குறைஞ்சிடும்னு சிலர் சொல்வாங்க. நான் ஒத்துக்க மாட்டேன். கடன் இல்லாதவன்தான் பிடிக்காத புக்கிங்கை வேண்டாம்னு சொல்லிட்டு, வீட்டுல உட்கார்ந்து பிராக்டிஸ் பண்ண முடியும்.

உங்க தொழில்ல மார்கழி எந்த மாசம்? கமெண்ட்ல சொல்லுங்க, அடுத்த வீடியோவுல கணக்கு போட்டுப் பார்ப்போம்.