17-பி கோப்புகள்: திருந்த வேண்டியது கல்வித்துறை

அரசுப் பள்ளி ஆசிரியர் ஒருவருக்குக் கொடுத்த தண்டனையை உயர் நீதிமன்றம் ரத்து செய்தால், "கோர்ட்டுக்குப் போய்த் தப்பித்துவிட்டார்" என்று சொல்லிக் கல்வித்துறை அலுவலர்கள் கைகழுவிக்கொள்கிறார்கள். இந்தப் பேச்சை வன்மையாகக் கண்டிக்கிறோம். ஒழுங்கு நடவடிக்கையில் நீதிமன்றம் மேல்முறையீட்டு அதிகாரியாக உட்காருவதில்லை. விசாரணை முறைப்படி நடந்ததா, சாட்சியம் என்று ஏதாவது இருந்ததா, தண்டனை மனசாட்சியை உலுக்கும் அளவுக்கு மிகையானதா என்பதோடு அதன் வேலை முடிந்துவிடுகிறது. 1995-ல் பி.சி. சதுர்வேதி வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த எல்லை இது. இந்தக் குறைந்தபட்சச் சோதனையில்கூட ஓர் உத்தரவு தேறவில்லை என்றால், குறை உத்தரவில்தான் இருக்கிறது.

தமிழ்நாடு குடிமைப் பணிகள் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளின் 17-பி பிரிவில் பணிநீக்கம் வரை தண்டிக்கலாம். அதனால்தான் குற்றச்சாட்டுக் குறிப்பாணையோடு ஆவணப் பட்டியலும் சாட்சிப் பட்டியலும் இணைக்கப்படுகின்றன. நடைமுறையில் என்ன நடக்கிறது? சாட்சிப் பட்டியல் வெறுமையாகக் கிடக்கிறது. புகார் கொடுத்தவரை யாரும் விசாரிப்பதில்லை. புகார் மனுவே ஆதாரமாகிவிடுகிறது. ஆசிரியர் பக்கம் பக்கமாக எழுதிக் கொடுத்த விளக்கத்துக்கு, "ஏற்கத்தக்கதாக இல்லை" என்ற ஒற்றை வரிதான் பதில். ஏன் ஏற்கத்தக்கதல்ல என்று எழுதக்கூட மனமில்லாத கை, ஒருவருடைய வேலையைப் பறிக்கும் உத்தரவில் கையெழுத்துப் போடுகிறது. ஆவணத்தைத் தாக்கல் செய்தால் மட்டும் போதாது, அதைச் சாட்சி மூலம் மெய்ப்பிக்க வேண்டும் என்று 2008-ல் ரூப் சிங் நேகி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்தத் தீர்ப்பைப் படிக்காதவரை விசாரணை அலுவலராக நியமித்தது யார்?

காலதாமதம் இதைவிடக் கொடியது. தமிழ்நாடு வீட்டுவசதி வாரியப் பொறியாளர் ஒருவர்மீது பத்தாண்டு தாமதித்துச் சாட்டிய குற்றச்சாட்டை உச்ச நீதிமன்றம் 2005-ல் ரத்து செய்தது. தற்காலிகப் பணிநீக்கத்தில் வைத்தவருக்கு மூன்று மாதத்துக்குள் குறிப்பாணை தர வேண்டும், துறை விசாரணையை ஆறு மாதத்தில் முடிக்கப் பார்க்க வேண்டும், தவிர்க்க முடியாவிட்டாலும் ஓராண்டைத் தாண்டக் கூடாது என்று 2015-ல் இரண்டு தீர்ப்புகள் தெளிவுபடுத்தின. இத்தனைக்குப் பிறகும் கோப்பு மேசையிலேயே தூங்குகிறது. பிழைப்பூதியத்தில் குடும்பம் நடத்தும் ஆசிரியரின் பெயர் பதவி உயர்வுப் பட்டியலில் ஏறுவதில்லை. ஓய்வு பெறும் வயது வந்தாலும் பணிக்கொடை கைக்கு வருவதில்லை. குற்றம் மெய்ப்பிக்கப்படும் முன்பே தண்டனை முடிந்துவிடுகிறது.

குற்றவாளிக்கு இரக்கம் கேட்டு இதை எழுதவில்லை. அலட்சிய விசாரணையால் அதிகம் பயனடைபவர் உண்மையான குற்றவாளிதான். மாணவியிடம் முறைகேடாக நடந்த நவோதயா பள்ளி ஆசிரியரின் பணிநீக்கத்தை 1996-ல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. அந்தச் சிறுமியைக் குறுக்கு விசாரணைக்கு நிறுத்தாததையும் சரியென்றே ஏற்றது. நீதிமன்றம் இளகிய மனத்தோடு குற்றவாளிகளைத் தப்பவிடுகிறது என்போர் இதற்கு என்ன சொல்வார்கள்? ஒரு குழந்தை நடுங்கியபடி சொன்ன புகாரை ஒழுங்காகப் பதிவு செய்யாமல், நோட்டீசைக்கூட விதிப்படி கொடுக்காமல் நடவடிக்கை எடுத்து, அது நீதிமன்றத்தில் உடைந்தால், அந்தக் குழந்தையைக் கைவிட்டது நீதிபதி அல்ல, துறை. அத்தகைய குற்றவாளி பின்வாசல் வழியாக மீண்டும் வகுப்பறைக்குள் நுழையக் காரணமான அலுவலருக்கு இதுவரை என்ன தண்டனை?

விசாரணை அலுவலர்களுக்குச் சாட்சியச் சட்டத்தின் அடிப்படையில் பயிற்சி கொடுக்க வேண்டும். காரணம் எழுதாத உத்தரவை மேல்முறையீட்டு அதிகாரியே திருப்பி அனுப்ப வேண்டும். நடைமுறைப் பிழைக்காக உத்தரவு ரத்தானால், நிலுவைச் சம்பளச் சுமை முழுவதையும் மக்கள் வரிப்பணத்தின் மீது ஏற்றாமல், பிழை செய்தவரிடம் விளக்கம் கேட்டுப் பொறுப்பு நிர்ணயிக்க வேண்டும். தோற்ற வழக்கிலெல்லாம் கண்ணை மூடிக்கொண்டு மேல்முறையீடு செய்வதை நிறுத்த வேண்டும்.

ஓராண்டைக் கடந்தும் முடியாத 17-பி கோப்புகள் மாவட்டவாரியாக எத்தனை, ஒவ்வொன்றும் யாருடைய மேசையில் நிற்கிறது என்ற பட்டியலைப் பள்ளிக்கல்வித் துறைச் செயலாளர் உடனே வெளியிட வேண்டும்.