மூடி சரியாக மூடாத வாளி



கைக்குழந்தை உள்ள வீட்டிலும் படுக்கையில் ஒருவர் உள்ள வீட்டிலும் மூலையில் ஒரு வாளி இருக்கும். கழற்றிய பம்பஸையும் அழுக்குத் துணியையும் போடுகிற வாளி. அதைப் பற்றி யாரும் கதைப்பதில்லை. இம்முறை அதைப் பற்றியே எழுதுகிறேன்.

2009 இல் முடிந்த யுத்தத்தில் முள்ளந்தண்டில் காயப்பட்டு, இடுப்புக்குக் கீழ் உணர்வற்றுப் போனவர்கள் வன்னியில் பல வீடுகளில் வாழ்கிறார்கள். அவர்களைப் பராமரிப்பது பெரும்பாலும் மனைவி, தாய் அல்லது சகோதரிதான். களப்பணிக்குப் போகும்போது சில வீடுகளில் எங்களை முற்றத்திலேயே கதிரை போட்டு இருத்திவிடுவார்கள். ஒரு வீட்டில் அக்கா காரணத்தையும் சொன்னார். "உள்ள மணக்கும் தங்கச்சி, அதுதான்." உள்ளே படுத்திருந்த கணவருக்கு அது கேட்டிருக்கும். பிறகு உள்ளே போய்ப் பார்த்தோம். மனிதரும் படுக்கையும் சுத்தம். மணம் வந்தது வாளியிலிருந்து. மூடியின் பிணைச்சல் ஊசி முறிந்து, மூடி ஒருபக்கம் சரிந்து கிடந்தது. ஊரார் அந்த வீட்டுக்கு வருவது குறைந்ததற்கு இவ்வளவுதான் காரணம்.

சிறுநீரில் உள்ள யூரியாவைக் கிருமிகள் அமோனியாவாக மாற்றுகின்றன. மூக்கில் ஏறும் அந்த நெடி அதுதான். எங்கள் வெக்கைக்கு அது விரைவாக நடக்கும். மூடியில் இடைவெளி இருந்தால் மணம் வெளியே வரும், இலையான் உள்ளே போகும். இலையானின் முட்டை ஒரு நாளுக்குள் பொரித்து, ஏறக்குறைய 7 முதல் 10 நாட்களில் புது இலையானாகிவிடும். எனவே வாரத்தில் இரண்டு தடவையாவது வாளியை வெறுமையாக்க வேண்டும். நாளாந்தம் முடிந்தால் இன்னும் நல்லது.

காலால் மிதிக்கும் வாளி வைத்திருப்பவர்கள் அதை ஒருமுறை கவிழ்த்துப் பாருங்கள். மிதியிலிருந்து பின்பக்கமாக ஒரு கம்பி மேலே போய் மூடியைத் தூக்குகிறது. மிதித்தும் மூடி எழும்பாவிட்டால், பெரும்பாலும் அந்தக் கம்பி கொளுக்கியிலிருந்து கழன்றிருக்கும் அல்லது துருப்பிடித்து முறிந்திருக்கும். கழன்றிருந்தால் குறட்டால் முனையை வளைத்துத் திரும்பக் கொளுவுங்கள். முறிந்திருந்தால் சைக்கிள் சில்லுக் கம்பி ஒன்றைப் பழைய கம்பியின் அளவுக்கு வெட்டி, இரு முனையையும் வளைத்துப் போடலாம். பிணைச்சல் ஊசிக்கும் அதே கம்பி காணும். கட்டுக்கம்பி வேண்டாம், அது மெதுமையானது, ஒரு வாரத்தில் வளைந்துவிடும். துருப்பிடிக்காமலிருக்க மாதம் ஒருமுறை ஒரு துளி தேங்காய் எண்ணெய் விடுங்கள்.

இந்த மிதி வாளியை உருவாக்கியவராகச் சொல்லப்படுபவர் லில்லியன் கில்பிரெத் என்ற அமெரிக்கப் பொறியியலாளர். 1924 இல் கணவர் இறந்தபின் பதினொரு பிள்ளைகளைத் தனியே வளர்த்தவர். கை நிறைய வேலையோடு நிற்கும் ஒரு பெண்ணுக்குக் கால் சும்மா இருக்கிறது என்பது அவருக்குத் தெரியாமலா இருந்திருக்கும்!

மிதி வாளி இல்லாதவர்களுக்கு மூடியுள்ள பெயின்ற் வாளியே போதும். மூடி தளர்வாக இருந்தால், பழைய சைக்கிள் ரியூப்பை நீளப்பாட்டுக்குப் பிளந்து, வாளியின் விளிம்பைச் சுற்றி இழுத்து ஒட்டுங்கள். அதன்மேல் மூடி இறுக்கமாக உட்காரும். வாளி வெடித்திருந்தால், வெடிப்பின் நுனியில் சூடாக்கிய ஆணியால் ஒரு சிறு துளை போடுங்கள். வெடிப்பு அதற்குமேல் ஓடாது. பின் இருபக்கமும் துளையிட்டுத் தங்கூசியால் தைத்துவிடலாம். பிளாஸ்ரிக் புகையைச் சுவாசிக்காமல் வெளியே வைத்துச் செய்யுங்கள். அடிப்பக்கம் வெடித்த வாளியைத் தைத்துப் பயனில்லை, ஒழுகும்.

கழிவை முதலில் மலசலகூடத்தில் தட்டிவிட்டு, பம்பஸை உள்பக்கமாகச் சுருட்டி, பையில் கட்டிப் போடுங்கள். "பிள்ளையின்ர கழிவுதானே" என்று அலட்சியம் செய்ய வேண்டாம். குழந்தையின் மலத்திலும் வயிற்றோட்டக் கிருமிகள் உண்டு. பம்பஸை மட்டும் மலசலகூடத்துக்குள் போடாதீர்கள். அதற்குள் இருக்கும் தூள் தண்ணீரை உறிஞ்சி ஊதிக் களியாகிக் குழாயை அடைத்துவிடும். வாளியின் அடியில் பத்திரிகைத் தாளும் ஒரு பிடி அடுப்புச் சாம்பலும் போட்டால் ஈரமும் மணமும் குறையும்.

கழுவும் விடயத்தில் ஒன்றைக் கவனமாகக் கேளுங்கள். வாளியை முதலில் வெறும் தண்ணீராலும் சவர்க்காரத்தாலும் நன்றாகக் கழுவி அலச வேண்டும். அதன் பிறகுதான் பிளீச்சிங் பவுடர். சிறுநீர் தேங்கிய வாளிக்குள் நேரே போட்டால் அமோனியாவோடு சேர்ந்து நெஞ்சை அடைக்கும் நச்சுவாயு வரும். மலசலகூடம் கழுவும் அமிலத்தோடு கலப்பது அதைவிட ஆபத்து. ஒரு லீற்றர் தண்ணீருக்கு மட்டமாக ஒரு மேசைக்கரண்டி பவுடர் கரைத்து, தெளியவிட்டு, மேல்தண்ணீரால் வாளியை நனைத்துப் பத்து நிமிடம் விடுங்கள். இரும்புக் கம்பியில் படாமல் பாருங்கள், அரித்துவிடும். அலசியபின் சிறிது நேரம் வெயிலில் காயவைத்து நிழலுக்கு எடுத்துவிடுங்கள். நாள்முழுக்க வெயிலில் கிடந்தால் பிளாஸ்ரிக் நொருங்கும். வெளியே கவிழ்க்காமல் விட்டால் மழைத்தண்ணீர் தேங்கி நுளம்பு முட்டையிடும்.

2022 இல் விலைகள் ஏறிய பிறகு பலர் பகலில் துணிக்குத் திரும்பியிருக்கிறார்கள். நல்ல விடயம். ஆனால் துணியை ஊறவைக்கும் வாளி தவழும் பிள்ளைக்கு எமன். சில அங்குலத் தண்ணீரில் தலைகீழாக விழுந்தாலும் பிள்ளை எழும்பாது, சத்தமும் வராது. துணியை உலர்ந்தபடியே மூடிவைத்து, தோய்க்கும் நேரத்தில் ஊறவையுங்கள். ஊறவைத்தே ஆகவேண்டுமென்றால் பிள்ளைக்கு எட்டாத உயரத்தில் வையுங்கள்.

பிரதேச சபை வண்டி வரும் இடங்களில் பையை இறுகக் கட்டிக் கொடுங்கள். வராத இடங்களில் எரிப்பதுதான் வழக்கம். ஈரப் பம்பஸ் சரியாக எரியாது, புகை மட்டும் வீட்டுக்குள் வரும். ஆழக் குழி வெட்டி, ஒவ்வொரு முறையும் மண்ணால் மூடுங்கள். கிணற்றிலிருந்து குறைந்தது 30 மீற்றராவது தள்ளியிருக்க வேண்டும். யாழ்ப்பாணத்துச் சுண்ணாம்புக்கல் நிலத்தில் அழுக்குத் தண்ணீர் வேகமாகக் கீழிறங்கும். அங்கே இடத்தைத் தெரிவதற்கு முன் பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடம் கேளுங்கள்.

வீட்டில் வளர்ந்த மகன் இருந்தால் வாளி கழுவும் முறையை அவருக்கும் காட்டிக்கொடுங்கள். அந்த அக்காவின் வீட்டில் சில்லுக் கம்பியை வளைத்துப் போட்டது அவருடைய மூத்த பெடியன்தான். பிளீச்சிங் பவுடரை மட்டும் நீங்களே கரையுங்கள். வேலை முடிந்ததும் இருவரும் சவர்க்காரம் போட்டுக் கைகழுவுங்கள்.