தினை மட்டும் போட்டால் போதுமா?

“வேளா வேளைக்குத் தினை போடுகிறோம், தண்ணீர் மாற்றுகிறோம். அப்படியும் குருவி ஏன் சோர்ந்து கிடக்கிறது?” லவ் பேர்ட்ஸ் வளர்க்கும் வீடுகளில் அடிக்கடி கேட்கிற கேள்வி இது.

லவ் பேர்ட்ஸ் என்று கடையில் விற்பது பெரும்பாலும் பட்ஜரிகர் என்னும் ஆஸ்திரேலியக் கிளி. (நம் ஊர்ப் பச்சைக்கிளியை வளர்ப்பது சட்டப்படி குற்றம், ஞாபகம் இருக்கட்டும்.) காட்டில் பச்சைப் புல் விதை, தளிர் என்று தின்னும் ஜீவனுக்கு நம் கூண்டில் வருஷம் பூரா காய்ந்த தினைதான். அதில் வைட்டமின் ஏ-யும் சுண்ணாம்புச் சத்தும் போதாது. நாம் தினமும் வெறும் சோற்றையே சாப்பிட்டால் என்ன ஆகும்? அதே கதைதான்.

சொல்லப்போனால், வைட்டமின் பாடத்தை நமக்குக் கற்றுக் கொடுத்ததே பறவைகள்தான்! 1890-களில் ஜாவாவில் ஐக்மான் என்ற டச்சு டாக்டர், தீட்டிய அரிசி தின்ற கோழிகளுக்குக் கால் விளங்காமல் போவதையும், தீட்டாத அரிசி போட்டதும் அவை தேறுவதையும் கண்டார். 1929-ல் நோபல் பரிசும் பெற்றார்.

வைட்டமின் ஏ குறைந்தால் மூக்கு ஒழுகும், தும்மும், கண் ஓரம் வீங்கும், வாய்க்குள் வெள்ளையாகப் படியும். நாம் சளி என்று நினைத்து விட்டுவிடுகிறோம். சுண்ணாம்புச் சத்து குறைந்தால் பெட்டைக்குத்தான் ஆபத்து. முட்டை வெளியே வராமல் சிக்கிக்கொள்ளும். சிறகை உப்பிக்கொண்டு கூண்டின் அடியில் உட்கார்ந்து முக்கினால், உடனே கால்நடை டாக்டரிடம் ஓடுங்கள். விடியட்டும் என்று காத்திருந்த என் நாத்தனார் வீட்டில் ஒரு பெட்டை இப்படித்தான் போயிற்று. எட்டு வயதுப் பிள்ளை இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை, பாவம்.

என்ன கொடுக்கலாம்?

* முருங்கைக்கீரை, கொத்தமல்லித் தழை. நன்றாக அலசிக் கூண்டுக் கம்பியில் செருகவும்.
* துருவிய காரட், உப்பில்லாமல் வேகவைத்த மஞ்சள் பூசணி, சர்க்கரைவள்ளிக் கிழங்கு. ஒரு சின்ன ஸ்பூன் போதும். மிஞ்சியதைச் சில மணி நேரத்தில் எடுத்துவிடவும்.
* கணவாய் ஓடு. நாட்டு மருந்துக் கடையில் கடல் நுரை என்று கேளுங்கள்.
* காலை இளவெயில். கண்ணாடி ஜன்னல் வழியாக வந்தால் வைட்டமின் டி கிடைக்காது, நேரே படவேண்டும். கூண்டின் பாதி நிழலில் இருக்கட்டும். பூனை, காக்கை வராமல் பக்கத்திலேயே இருங்கள்.

முதலில் கீரையைத் தொடவே தொடாது, அவ்வளவு பிடிவாதம்! அதற்காகப் பட்டினி போட்டுவிடாதீர்கள், அந்தச் சின்ன உடம்பு தாங்காது. காலைப் பசியில் முதலில் கீரை, கொஞ்ச நேரம் கழித்துத் தினை என்று விடாமல் வைத்து வாருங்கள், மெதுவாகப் பழகிவிடும். தினைக் கிண்ணத்தைத் தினமும் ஊதிப் பாருங்கள். நிறைந்திருப்பதாகத் தோன்றும், பார்த்தால் வெறும் உமி!

சாக்லேட், காபி, உப்புப் பண்டம், அவகாடோ எதுவும் கூடாது. வைட்டமின் சொட்டு மருந்தையும் டாக்டரைக் கேட்காமல் ஊற்ற வேண்டாம். ஏ-யும் டி-யும் அதிகமானாலும் கெடுதல்தான்.

நாளைக்குக் கீரை ஆயும்போது ஒரு கொத்து எடுத்து வையுங்கள். காலணா செலவில்லை!