பிப்பெட்டைப் பிடித்தால் அவசரம் வேண்டாம்

மாணவர்களே, அறிவியல் கூடத்தில் பிப்பெட்டைக் கையில் எடுக்கும்போது உங்கள் மனம் எதில் இருக்கிறது? மணி அடிப்பதற்குள் மூன்று அளவீடுகளை எழுதிவிட வேண்டும் என்பதில்தானே? பாதுகாப்பு விதிகளை ஒரு பட்டியலாகவும் துல்லிய விதிகளை இன்னொரு பட்டியலாகவும் மனப்பாடம் செய்கிறோம். என் கருத்தில் இரண்டும் ஒரே பழக்கம்தான். அவசரப்பட்டால் இரண்டும் சேர்ந்தே கெடும்.

முன்பெல்லாம் ஆய்வுக்கூடங்களில் பிப்பெட்டை வாயில் வைத்து உறிஞ்சினார்கள். முனை கரைசலைவிட்டு மேலே வந்துவிட்டால் காற்று புகுந்து, கரைசல் சட்டென வாய்க்குள் பாயும். அமிலத்தையும் நோய்க்கிருமியையும் இப்படி விழுங்கியவர்கள் உண்டு. 1957இல் ஜெர்மனியின் மார்பர்க் நகரில் ஹைன்ரிக் ஷ்னிட்கர் உருவாக்கிய நுண்பிப்பெட் இந்த வழக்கத்துக்கு மாற்றாக வந்தது.

இன்று உங்களிடம் ரப்பர் பந்து இருக்கிறது. ஆனாலும் முனையைக் கவனிக்காவிட்டால் கரைசல் பந்துக்குள் ஏறிவிடும். அடுத்த குழு வேறு கரைசலை எடுக்கும்போது அது அதில் கலந்துவிடும். பந்தைப் பொருத்தும்போது பிப்பெட்டின் மேல்முனைக்கு அருகில் பிடியுங்கள். நடுவில் பிடித்து அழுத்தினால் கண்ணாடி உடைந்து உள்ளங்கையைக் கிழிக்கும்.

கடைசிச் சொட்டுக்கு வருவோம். 25 கன சென்டிமீட்டர் குமிழ் பிப்பெட்டைக் காலி செய்தபின் முனையில் சிறிது கரைசல் தங்கும். அதை வீணாக்கக் கூடாதென்று பலர் பந்தை அமுக்கி வெளியே தள்ளுகிறார்கள். வேண்டாம்! அந்த மிச்சத்தைக் கணக்கில் கொண்டே கோடு போடப்பட்டிருக்கிறது. முனையைக் குடுவையின் உட்சுவரில் தொட்டு எடுத்தால் போதும். ஒரு சொட்டு ஏறத்தாழ 0.05 கன சென்டிமீட்டர். உயர்தர 'ஏ' வகுப்பு பிப்பெட்டுக்கு அனுமதிக்கப்படும் பிழையோ 0.03தான். நல்லெண்ணத்தில் தள்ளிய ஒரு சொட்டு, கருவியின் தரத்தையே வீணாக்கிவிடுகிறது.

குழுவில் ஒருவர் மட்டும் பிப்பெட்டைப் பிடிக்க, மற்றவர்கள் எண்ணை நகலெடுக்கும் வழக்கத்தையும் நிறுத்த வேண்டும். அமிலத்தைத் தொடுமுன் ஒவ்வொருவரும் தண்ணீரில் பழக வேண்டும். தராசில் ஒரு பீக்கரை வைத்து, 25 கன சென்டிமீட்டர் தண்ணீரை ஐந்து முறை அளந்து விட்டு, ஒவ்வொரு முறையும் கூடிய எடையைக் குறியுங்கள். நம் ஊர் வெப்பத்தில் அது 24.9 கிராமுக்கு அருகில் வர வேண்டும். எண்கள் முன்னும் பின்னுமாக இருந்தால், கண் கோட்டின் மட்டத்தில் இருந்ததா, முனையில் குமிழி இருந்ததா என்று பாருங்கள்.

இதற்குப் பத்து நிமிடம் போதும். அடுத்த செய்முறை வகுப்பில் உங்கள் ஆசிரியரிடம் அந்தப் பத்து நிமிடத்தைக் கேளுங்கள். அதன்பின் நீங்கள் எழுதும் அளவீடு நண்பரின் விடையோடு ஒத்துப்போகாவிட்டாலும், அதை அழித்து மாற்ற வேண்டிய அவசியம் உங்களுக்கு இராது.