ப்ளஸ் ஒன் பொதுத்தேர்வு ரத்து: டிவியில் அறிவியல் சொன்ன யஷ்பாலை இப்போது ஏன் நினைக்கணும்?

நாமகிரிப்பேட்டை என்றதும் மஞ்சள் ஏலமும் நாதஸ்வர வித்வான் கிருஷ்ணனும் ஞாபகத்துக்கு வருவார்கள். இந்தப் பக்கத்துக்கு இன்னொரு அடையாளமும் உண்டு. ராசிபுரம், நாமக்கல் வட்டாரத்து உறைவிடப் பள்ளிகள்தான் அது. மார்க்குக்காகவே வெளி மாவட்டப் பெற்றோர் தேடி வந்த இந்தப் பள்ளிகளை, கோழிப்பண்ணையோடு சேர்த்து 'பிராய்லர் பள்ளி' என்று கிண்டல் செய்வதும் உண்டு.

2025 ஆகஸ்ட்டில் வெளியான தமிழ்நாடு மாநிலக் கல்விக் கொள்கை, ப்ளஸ் ஒன் பொதுத்தேர்வை ரத்து செய்தது. மாணவர்களுக்கு நிம்மதிதான். ஆனா ஒரு பழைய கேள்வி திரும்ப வருது.

யார் இந்த யஷ்பால்?

1926 நவம்பர் 26-ல் பிறந்தவர். டாடா ஆராய்ச்சி நிறுவனத்தில் காஸ்மிக் கதிர்களை ஆராய்ந்த இயற்பியலாளர். 1973-ல் அகமதாபாத் விண்வெளிப் பயன்பாட்டு மையத்தின் முதல் இயக்குநர் ஆனார். 1975-76-ல் செயற்கைக்கோள் வழியாகச் சுமார் 2,400 கிராமங்களுக்கு டிவி நிகழ்ச்சி போனது இந்த மையத்தின் முயற்சியால்தான்.

பிறகு அவரே திரைக்கு வந்தார். தூர்தர்ஷனின் 'டர்னிங் பாயின்ட்' நிகழ்ச்சியில் நேயர்களின் கேள்விகளுக்குப் பதில் சொன்னார். 1995 அக்டோபர் 24 முழு சூரிய கிரகணத்தின்போது, பயந்து வீட்டுக்குள் இருந்தவர்களுக்கு நேரலையில் விளக்கம் சொன்னதும் இவர்தான். 2017-ல் காலமானார்.

1993-ல் என்ன சொன்னார்?

புத்தகப் பை சுமை பற்றி எழுத்தாளர் ஆர்.கே.நாராயண் மாநிலங்களவையில் பேசியிருந்தார். பிறகு யஷ்பால் தலைமையில் மத்திய அரசு ஒரு குழு அமைத்தது. 1993-ல் வந்த 'சுமையில்லாக் கல்வி' அறிக்கை சொன்னது இதுதான்: பையின் எடையைவிடப் பெரிய சுமை, பாடம் புரியாமல் போவது.

இப்போ என்ன சிக்கல்?

ப்ளஸ் ஒன் பொதுத்தேர்வு 2017-18 கல்வியாண்டில் வந்ததே ஒரு காரணத்துக்காகத்தான். பல பள்ளிகள் பதினொன்றாம் வகுப்புப் பாடத்தை ஓரங்கட்டிவிட்டு, ப்ளஸ் டூ பாடத்தையே இரண்டு வருஷம் நடத்தின. மார்க் வந்தது. ஆனா விசை, இயக்கம், வெப்பம் என அடிப்படை இயற்பியல் இருப்பது பதினொன்றில். அதை விட்டவர்கள் நீட், ஜேஇஇ தேர்விலும் கல்லூரி முதல் வருஷத்திலும் திணறினார்கள்.

தேர்வு இருந்தால் மனப்பாடச் சுமை. இல்லாவிட்டால் பாடமே காணாமல் போகும் அபாயம். யஷ்பால் குழுவின் அளவுகோலில் இரண்டுமே ஒன்றுதான், பிள்ளைக்குப் புரியவில்லை. தேர்வை எடுத்தாச்சு. பாடம் நடக்கிறதா என்று பார்ப்பது யார்? கல்வித்துறை பதில் சொல்ல வேண்டிய இடம் இது.

பெற்றோர் என்ன செய்யலாம்?

அட்மிஷனுக்குப் போகும்போது 'சென்டம் எத்தனை?' என்பதோடு இன்னும் இரண்டு கேள்வி கேளுங்க. பதினொன்றாம் வகுப்புப் பாடம் வருஷம் முழுக்க நடக்குமா? லேப் வாரம் எத்தனை தடவை? விடுமுறைக்கு வரும் பிள்ளையிடமும் நோட்டை வாங்கிப் பாருங்க. எந்த வகுப்புப் பாடம் ஓடுதுன்னு அதிலேயே தெரிஞ்சிடும்.