பாலாற்றுத் தோல் சீவலும் கல்லாற்று ரப்பர் பாலும்

உப்பிட்டு வரும் பச்சைத் தோல் ஒரு டன் பதனிடும் ஆலைக்குள் நுழைந்தால், காலணிக்கும் கைப்பைக்கும் ஆகும் தோலாக வெளியே வருவது ஏறத்தாழ 200 முதல் 250 கிலோதான். மிச்சத்தில் பெரும்பகுதி உப்பாகவும் நீராகவும் முடியாகவும் கொழுப்பாகவும் முதல் கட்டங்களிலேயே கழிந்துவிடுகிறது. குரோமியம் ஏறிய பிறகு கழிபடுவதுதான் நெடுநாள் தொல்லை. பாலாற்றங்கரை ஊர்களான ஆம்பூரிலும் வாணியம்பாடியிலும் ‘வெட் ப்ளூ’ என்று சொல்லும் நீலத்தோலை ஒரே கனத்துக்குக் கொண்டுவர ஷேவிங் இயந்திரத்தில் விடும்போது, தச்சரின் இழைப்புளியிலிருந்து மரச்சுருள் உதிர்வதுபோல நீலச் சீவல் கொட்டுகிறது. ஒரு டன் பச்சைத் தோலுக்கு இந்தச் சீவல் மட்டுமே நூறு கிலோ அளவுக்கு வரும். இதை அரைத்து நாராக்கி, ரப்பர் பாலால் பிணைத்து, தாளாக வார்த்தால் கிடைப்பது தோல் நார் அட்டை. காலணித் தொழிலில் அதை ‘லெதர் போர்டு’ என்பார்கள். புதிய கண்டுபிடிப்பு ஒன்றுமில்லை. பல பத்தாண்டுகளாக உலகம் செய்துவரும் பொருள்தான். ஆனால், இதை எந்த வேலைக்குப் பயன்படுத்துவது, எந்தப் பெயரில் விற்பது, இதன் செலவை யார் ஏற்பது என்ற மூன்று கேள்விகளுக்கும் நாம் இன்னும் தெளிவான பதில் வைத்துக்கொள்ளவில்லை. அட்டையை அட்டையாகவே மதித்து, காலணியின் உட்பாகங்களுக்குப் பயன்படுத்தி, கழிவை உண்டாக்குபவர் செலவில் பங்கேற்றால், பாலாற்றங்கரையின் சுமையில் ஒரு பகுதி நிச்சயம் குறையும். அதைத் தோலாகக் காட்டி விற்கப் புறப்பட்டால், குப்பை ஓர் ஊரிலிருந்து இன்னோர் ஊருக்கு இடம் மாறுவதோடு கதை முடிந்துவிடும்.

இந்த அட்டை எப்படி உருவாகிறது என்பதைப் பார்த்தாலே அதன் இயல்பு விளங்கும். தோல் என்பது அடிப்படையில் கொலாஜன் என்ற புரதத்தின் பின்னல். சீவலை நீரோடு அரைக்கும்போது அந்தப் பின்னல் அவிழ்ந்து தனித்தனி நார்களாகிறது. அந்தக் கூழின் அமிலத்தன்மையைச் சரிசெய்து, தாவரப் பதனிடு பொருளும் எண்ணெயும் சேர்த்து, பிறகு ரப்பர் பாலைக் கலக்கிறார்கள். படிகாரம் போன்ற அலுமினிய உப்பு உள்ளே போனதும் பாலில் மிதந்துகொண்டிருந்த ரப்பர் துகள்கள் திரண்டு நார்களின்மீது படிகின்றன. அந்தக் கூழைக் காகித ஆலையில் செய்வதுபோலவே வலைமீது பரப்பி, நீரை வடித்து, அழுத்தி, உலர்த்தி, உருளைகளுக்கிடையே விட்டு எடுத்தால் அட்டை தயார். இயற்கைத் தோலுக்கு வலிமை தருவது விலங்கின் உடலில் வளர்ந்த பின்னல். அரைத்த நாரில் அந்தப் பின்னல் திரும்ப வருவதில்லை. பிணைப்புப் பசைதான் அதன் இடத்தில் நிற்கிறது. ஆகவே பசையின் தரமே அட்டையின் தரத்தில் பாதியைத் தீர்மானிக்கிறது.

இங்கேதான் கல்லாறு கணக்குக்குள் வருகிறது. திருவனந்தபுரம் மாவட்டத்தில் விதுரா வழியாகப் பொன்முடிக்கு ஏறும் சாலையில் இருக்கும் கல்லாற்றைச் சுற்றிய மலையடிவாரம் ரப்பர் விளையும் நிலம். அங்கே தோல் ஆலை இல்லை. வாமனபுரம் ஆற்றுக்கு நீர் கொண்டுசெல்லும் அந்தப் பள்ளத்தாக்கில் ஒருபோதும் வரவும் கூடாது. அந்த நிலம் தர வேண்டியது ரப்பர் பால் மட்டும்தான். இந்தியாவின் இயற்கை ரப்பரில் பெரும்பகுதி கேரளத்திலிருந்து வருகிறது. அதில் மிகப் பெரும்பங்கு சிறு விவசாயிகளின் கையில் இருக்கிறது. மரத்திலிருந்து வடியும் பாலில் முப்பது முதல் நாற்பது சதவீதம் வரை ரப்பர் உண்டு. சிறு விவசாயிகளில் பலர் அதை அமிலம் விட்டு உறையவைத்து, ஷீட்டாக்கிப் புகையூட்டி விற்கிறார்கள். அட்டை ஆலைக்கு வேண்டியது ஷீட் இல்லை. அம்மோனியா சேர்த்துக் கெடாமல் காத்து, சுழற்சி இயந்திரத்தில் அறுபது சதவீத அளவுக்குச் செறிவூட்டிய பால். நாட்டின் ரப்பரில் பெரும்பகுதியை டயர் தொழில் எடுத்துக்கொள்வதால், தோல் அட்டை ஒன்றே ரப்பர் விலையைத் தூக்கி நிறுத்திவிடும் என்று சொன்னால் அது பொய்யான நம்பிக்கையாகும். ஆனாலும், டயர் நிறுவனங்களின் கொள்முதலை மட்டுமே நம்பியிருக்கும் மலையோர விவசாயிக்கு, பாலைப் பாலாகவே வாங்கும் இன்னொரு நிலையான வாடிக்கையாளர் கிடைப்பது சிறிய பேறு இல்லை.

பாலாற்றங்கரைக்கு இதன் தேவை எவ்வளவு என்பதைச் சொல்ல நீதிமன்ற ஆவணமே போதும். வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996 ஆகஸ்ட் 28 அன்று வழங்கிய தீர்ப்பு, தோல் ஆலைப் பகுதியில் ஏறத்தாழ 35,000 ஹெக்டேர் விளைநிலம் பகுதியாகவோ முழுமையாகவோ பயிரிடத் தகுதியற்றுப் போனதைப் பதிவுசெய்தது. திண்டுக்கல் பகுதியில் ஆய்வுக்கு உட்பட்ட 467 கிணறுகளில் 350 மாசுபட்டிருந்ததையும் சுட்டியது. அதன்பின் பொதுச் சுத்திகரிப்பு நிலையங்கள் வந்தன. ஆனால், சுத்திகரிப்பு நிலையம் நீரைத்தான் பார்த்துக்கொள்கிறது. அதிலிருந்து விழும் சேறும், ஆலையில் குவியும் திடக்கழிவும் வேறு கணக்கு. 2015 ஜனவரி 31 அன்று ராணிப்பேட்டை சிப்காட் தொழிற்பேட்டையில் அப்படிச் சேறு தேக்கிய தொட்டியின் சுவர் இடிந்து, உறங்கிக்கொண்டிருந்த பத்துத் தொழிலாளர்கள் இறந்தார்கள். அதே ராணிப்பேட்டையில் 1990களில் மூடப்பட்ட குரோமிய ரசாயன ஆலை விட்டுச்சென்ற கழிவு இரண்டு லட்சம் டன்னுக்கு மேல். உரியவர் இல்லாமல் விடப்பட்ட குரோமியம் கடைசியில் பொதுமக்களின் தலையில்தான் விழுகிறது. சீவலையும் அந்த வழிக்கு விட்டுவிடாமல், ஆலையை விட்டு வெளியேறும்போதே அதற்கு ஒரு வாங்குபவரும் ஒரு விலையும் இருக்கும்படி செய்வதுதான் உறுதியான காப்பு.

எந்த வேலைக்கு இந்த அட்டை? வெளிநாட்டு அனுபவம் இதற்கு நல்ல பாடம் வைத்திருக்கிறது. அட்டையின்மேல் பாலியூரித்தேன் பூச்சு பூசி, தோலின் துளையமைப்பை அச்சிட்டு, சோபாவுக்கு உறையாக விற்றார்கள். சில ஆண்டுகளில் பூச்சு வெடித்து உரிந்தது. ‘பாண்டட் லெதர்’ என்ற பெயரே நுகர்வோரிடம் கெட்டுப்போனது. காரணம் எளிது. சோபா உறை நாள்தோறும் மடியவும் இழுபடவும் உரசப்படவும் வேண்டும். அரைத்த நாரால் ஆன பொருள் மிகவும் பலவீனமாக இருப்பது அந்த வேலைகளில்தான். ஈரக்காற்று நிறைந்த நம் கடற்கரை ஊர்களிலும் மலையோரங்களிலும் பாலியூரித்தேன் பூச்சு இன்னும் சீக்கிரம் சிதையும். காலணியின் இன்சோல், குதிகாலைத் தாங்கும் கவுண்டர், அடுக்கு ஹீல், பெல்ட்டின் உள்ளீடு, கோப்பு உறையின் உள் அட்டை போன்றவற்றில் நிலைமை வேறு. அங்கே வேண்டியவை விறைப்பு, வடிவம் மாறாத தன்மை, வியர்வையை உறிஞ்சி மீண்டும் உலரும் குணம். இவை மூன்றும் தோல் நாருக்கு இயல்பாகவே உண்டு. பிளாஸ்டிக் தகடுக்கு மூன்றாவது குணம் கிடையாது. உயர் அழுத்த நீர்த்தாரையால் தோல் நார்களைப் பின்னி, விமான இருக்கை உறைவரை கொண்டுசென்ற பிரிட்டன் நிறுவனம் ஒன்று உண்டு என்பது உண்மை. ஆனால் அது வேறு தொழில்நுட்பம், வேறு முதலீடு. ஆம்பூர் அளவிலான தொழிலுக்குக் கைக்கெட்டும் பாதை காலணியின் உள்ளேதான் இருக்கிறது.

பெயர் விஷயத்தில் கண்டிப்பு வேண்டும். ஐரோப்பியத் தரநிலையின்படி, உலர்ந்த எடையில் குறைந்தது பாதி தோல் நார் இருந்தால்தான் ஒன்றைத் தோல் நார் அட்டை என்று சொல்ல முடியும். தோல் என்று மட்டும் சொல்லி விற்க முடியாது. அமெரிக்காவின் வர்த்தக ஆணையம் 1996இல் வெளியிட்ட வழிகாட்டி, தோல் நார் எத்தனை சதவீதம், மற்றவை எத்தனை சதவீதம் என்று சொல்லச் சொல்கிறது. இந்தியச் சந்தையில் பெல்ட்டும் பர்ஸும் வாங்குகிறவருக்கு அந்தத் தெளிவு பெரும்பாலும் கிடைப்பதில்லை. காலணிகளுக்குத் தரக்கட்டுப்பாட்டு ஆணை வந்துவிட்ட நிலையில், நார் அட்டையின் சதவீதத்தையும் பசையின் வகையையும் அச்சிடச் சொல்வது பெரிய சுமை ஆகாது. வாடிக்கையாளருக்கு நன்மை என்பதற்காக மட்டும் இதைச் சொல்லவில்லை; ஏமாற்றிப் பெயர் கெட்ட பொருளுக்கு நீண்ட காலச் சந்தை இருக்காது என்பதால் தொழிலுக்கும் இதுவே நல்லது.

வலுவான மறுப்பு ஒன்று உண்டு. சீவலின் உலர்ந்த எடையில் நான்கு சதவீதம் அளவுக்குக் குரோமிய ஆக்சைடு இருக்கிறது. அட்டையாக்கினால் அந்தக் குரோமியம் குப்பைமேட்டிலிருந்து நம் வீட்டுக்குள் வருகிறது, அவ்வளவுதானே என்கிறார்கள். கவலை நியாயமானது. தோலில் இருப்பது மூன்று இணைதிறன் குரோமியம். அது கொலாஜனோடு இறுகப் பிணைந்திருக்கிறது, அதன் நச்சுத்தன்மையும் குறைவு. புற்றுநோய் உண்டாக்கும் ஆறு இணைதிறன் குரோமியமாக அது மாறுவது கடும் வெப்பம், காரத்தன்மை, ஒளிபட்டு முதுமையடைதல் போன்ற சூழல்களில்தான். திறந்தவெளியில் எரித்தால் அந்த ஆபத்து மிக அதிகம். சருமத்தைத் தொடும் தோல் பொருள்களில் ஆறு இணைதிறன் குரோமியம் கிலோவுக்கு 3 மில்லிகிராமுக்கு மேல் இருக்கக்கூடாது என்பது 2015 மே முதல் ஐரோப்பாவின் சட்டம். அட்டையிலும் அதே அளவுகோலை வைத்துச் சோதிக்க வேண்டும். கூழில் சேர்க்கும் தாவரப் பதனிடு பொருள் இந்த மாற்றத்தைத் தடுக்க உதவுகிறது என்பதால், செலவைக் குறைக்க அதை விட்டுவிடக் கூடாது. அட்டையைச் செய்யாமல் விட்டால் என்ன நடக்கும் என்பதையும் எடைபோட வேண்டும். வங்கதேசத்தில் குரோமியம் ஏறிய தோல் கழிவு கோழித் தீவனமாகி மக்களின் உணவுக்குள்ளேயே வந்தது. உயர் நீதிமன்றம் தலையிட்டுத் தடுக்க வேண்டியிருந்தது. அதோடு ஒப்பிட்டால், சோதனைக்கு உட்பட்டுக் காலணிக்குள் பல ஆண்டுகள் அடைபட்டிருக்கும் அட்டை பாதுகாப்பானது.

இரண்டாவது மறுப்பு சூழல் ஆர்வலர்களிடமிருந்து வருகிறது: கழிவுக்கு விலை கிடைத்துவிட்டால், கழிவைக் குறைக்கும் முனைப்பே ஆலைகளுக்குப் போய்விடும். இதில் உண்மை இருக்கிறது. அதனால்தான் வரிசை மாறக்கூடாது. சுண்ணாம்பு நிலையிலேயே தோலைத் துல்லியமாகப் பிளந்து கனத்தைக் குறைத்துக்கொண்டால், குரோமியம் ஏறிய பிறகு சீவ வேண்டியது குறையும். வழக்கமான முறையில் குளியலில் இடும் குரோமியத்தில் அறுபது எழுபது சதவீதமே தோலில் ஏறுகிறது. அதை உயர்த்தும் முறைகள் அடையாற்றில் 1948 முதல் இயங்கும் மத்தியத் தோல் ஆராய்ச்சி நிறுவனத்திலேயே இருக்கின்றன. ஆவாரம்பட்டையில் பதனிட்ட பழைய ‘ஈஸ்ட் இந்தியா’ (ஈ.ஐ.) தோலின் மரபு திண்டுக்கல், திருச்சி, ஈரோடு வட்டாரங்களில் இன்னும் முற்றாக அற்றுப்போகவில்லை. குரோமியமில்லாத அந்தச் சீவலிலிருந்து வரும் அட்டைக்குத் தனி மதிப்பும் உண்டு. இவை எல்லாவற்றையும் செய்த பிறகும் சீவல் மிஞ்சும். ஒரே கனமில்லாத விலங்குத் தோலை ஒரே கனமாக்காமல் காலணி தைக்க முடியாது. அந்தத் தவிர்க்க முடியாத மிச்சத்துக்குத்தான் அட்டை.

மூன்றாவது மறுப்பு பணத்தைப் பற்றியது. இந்தச் செய்முறைக்கு நிறைய நீர் வேண்டும், உலர்த்த வெப்பம் வேண்டும். காகித நார் அட்டையும் பிளாஸ்டிக் தகடும் மலிவாகக் கிடைக்கும்போது இது எப்படி நிற்கும்? நீரைப் பொறுத்தவரை, வலையிலிருந்து வடியும் நீரையே திரும்பத் திரும்பச் சுழற்றுவது காகித ஆலைகள் நெடுங்காலமாகச் செய்துவரும் வழக்கம். ஆலைக்கு ஆலை தனித்தனி இயந்திரம் போடாமல், பொதுச் சுத்திகரிப்பு நிலையத்தை ஒட்டி ஒரு வட்டாரத்துக்கு ஒரு பொது அட்டை ஆலை என்று அமைத்தால் நீரும் முதலீடும் ஒருசேர மிச்சமாகும். விலையைப் பொறுத்தவரை, இன்றைய ஒப்பீடே நேர்மையானதில்லை. சீவலைக் கொட்டிவைக்கும் நிலத்தின் விலை, கெட்டுப்போன கிணற்றின் விலை, நாளை அந்தக் குவியலை அகற்றும் விலை எதுவும் ஆலையின் கணக்கில் ஏறுவதில்லை. மாசுபடுத்தியவரே அதன் செலவை ஏற்க வேண்டும் என்ற கோட்பாடு இந்தியச் சட்டத்தில் ஆழமாக வேரூன்றியது இதே வேலூர் வழக்கில்தான். அந்தக் கோட்பாட்டை இழப்பீட்டோடு நிறுத்திவிட்டோம். சீவல் ஒரு டன்னுக்கு இவ்வளவு என்று ஆலையும் ஏற்றுமதியாளரும் செலுத்தும் கட்டணம் பொது அட்டை ஆலைக்குப் போய்ச் சேர்ந்தால், பிளாஸ்டிக்கோடு போட்டியிடும் வலிமை அட்டைக்குக் கிடைத்துவிடும்.

இதற்குப் புதிதாகச் சட்டம் இயற்றிக் காத்திருக்கத் தேவையில்லை. அபாயகரக் கழிவுகள் குறித்த 2016ஆம் ஆண்டு விதிகளின் 9ஆவது விதி, கழிவைக் கச்சாப்பொருளாகப் பயன்படுத்த மாநில மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் அனுமதி தரும் வழியை வகுத்திருக்கிறது. குரோமியச் சீவல், தாவரச் சீவல், முடிந்த தோலின் வெட்டுத்துண்டு ஆகியவற்றை ஆலையிலேயே தனித்தனியாகச் சேர்ப்பதைக் கட்டாயமாக்க வாரியத்தால் முடியும்; கலந்துவிட்ட சீவலிலிருந்து நல்ல அட்டை வராது. வாழை நார், தேங்காய் நார் போன்றவற்றைத் தோல் நாரோடு சேர்த்து அட்டை செய்யும் ஆய்வுகளை வெளியிட்ட தோல் ஆராய்ச்சி நிறுவனம், ஆலை அளவிலான முன்மாதிரியை நடத்திக்காட்ட வேண்டும். தமிழ்நாடு அரசின் 2022ஆம் ஆண்டுக் காலணி, தோல் பொருள் கொள்கை புதிய தொழிற்சாலைகளை அழைக்கிறது; அவை வாங்கும் இன்சோலிலும் கவுண்டரிலும் ஒரு பங்கு உள்ளூர் நார் அட்டையாக இருக்கவேண்டும் என்ற நிபந்தனையை ஊக்கத்தொகையோடு சேர்க்கலாம். கோட்டயத்திலுள்ள ரப்பர் வாரியம், கல்லாறு போன்ற மலையோர ஊர்களின் உற்பத்தியாளர் சங்கங்கள் செறிவூட்டிய பாலை நேரடியாக அட்டை ஆலைக்கு ஒப்பந்தத்தில் விற்க ஏற்பாடு செய்யலாம். ஒரு மாநிலத்தின் கழிவும் இன்னொரு மாநிலத்தின் விளைபொருளும் சேர்ந்து நம் காலடியிலேயே பயன்படும் வாய்ப்பு இது. அதற்கான அறிவு அடையாற்றிலும், சட்டம் விதிப்புத்தகத்திலும், சந்தை ஆம்பூரிலும் கோழிக்கோட்டின் காலணித் தொழிலிலும் இருக்கின்றன. இவற்றை ஒரே மேசைக்குக் கொண்டுவரும் பொறுப்பை இரு மாநில அரசுகளும் இனியும் தள்ளிப்போடக் கூடாது.