ஊட்டி ரயில் ரத்தானால் யாரைத் திட்டுவது?

ஐப்பசி பிறந்தால் போதும், "மண்சரிவு: ஊட்டி மலை ரயில் ரத்து" என்று செய்தி வந்துவிடும். உடனே புலம்பல் ஆரம்பம். டிக்கெட் போச்சு, லீவு போச்சு, யுனெஸ்கோ ரயிலை இப்படியா வைத்திருப்பது!

2005-ல் யுனெஸ்கோ பட்டியலில் ஏறியது வாஸ்தவம்தான். 16 குகைகள், 208 வளைவுகள், 250 பாலங்கள் என்று எல்லோரும் ஒப்பிப்பார்கள். மழையில் அந்தப் பாதையை நடந்தே பார்த்துவரும் கேங்மேன் மட்டும் எந்தக் கணக்கிலும் வரமாட்டார். (இப்போது அவருக்கு 'டிராக் மெயின்டெய்னர்' என்று பெயர். பெயர்தான் நீண்டது, கையில் அதே கடப்பாரை.)

கல்லாறு முதல் குன்னூர் வரை சுமார் 20 கி.மீ. 12 அடிக்கு ஓர் அடி ஏற்றம். தண்டவாளங்களுக்கு நடுவே இருக்கும் பல்சட்டத்தை இன்ஜினின் பல்சக்கரம் கவ்விப் பிடித்துத்தான் ஏற வேண்டும். அந்தப் பற்களுக்கு மேல் மண்ணும் பாறையும் வந்து விழுந்தால்? ஹில்குரோவ் பக்கமெல்லாம் காடு. நினைத்த இடத்துக்கு லாரியில் போய் இறங்க முடியாது. மண்ணை வாரும்போது தலைக்கு மேலே இருப்பதும் அதே ஊறிப்போன சரிவுதான். 2009 நவம்பரில் நீலகிரியில் மண்சரிவில் 40 பேருக்கு மேல் செத்தார்கள். அந்த மண் எப்படிப்பட்டது என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம்.

சுவிட்சர்லாந்தில் ஃபுர்கா கணவாய் ரயில் பாதை இருக்கிறது. அங்கே பனிச்சரிவு வரும் ஓர் ஓடையின் மேல் இருக்கும் இரும்புப் பாலத்தை ஒவ்வோர் ஆண்டும் குளிருக்கு முன்பே மடக்கி வைத்துவிடுகிறார்கள், கோடைக்கு முன் மறுபடி விரிக்கிறார்கள். குளிர்காலத்தில் ரயிலே கிடையாது. யாரும் அதைக் கேவலமாக நினைப்பதில்லை. நம்ம ஊட்டி நீராவி இன்ஜினும் சுவிஸ் வடிவமைப்புதான். இன்ஜினை வாங்கினோம், புத்தியை வாங்கவில்லை.

கல்லாறு-குன்னூர் பகுதியை ஐப்பசி, கார்த்திகை இரண்டு மாதமும் அட்டவணையிலேயே நிறுத்தி வையுங்கள். தீபாவளி வருமானம் போய்விடுமே என்பார்கள். குன்னூர்-ஊட்டி டீசல் ரயில் ஓடட்டுமே, அந்த வருமானம் வரட்டும். விழுந்த பிறகு "நாளைக்கே ரயில் விடணும்" என்று ஆட்களை நனைந்த சரிவின் கீழே விரட்டுவதைவிட, மழை விட்ட நேரம் பார்த்து, பகல் வெளிச்சத்தில், வடிகாலைத் தூர்வாரவும் தடுப்புச்சுவரைச் சரிபார்க்கவும் அவர்களுக்கு அந்த அறுபது நாள் கிடைக்கும்.